பருவ நிறைவு மடல்: வீட்டுப் பயிற்சியில் ஒலிப்பதிவு வேண்டாம்

அன்பார்ந்த பெற்றோர்களுக்கு,

வணக்கம். இரண்டாம் பருவம் நல்லபடியாக நிறைவுற்றது. விளக்கேற்று சுரத் தேர்வில் பெரும்பாலான மாணவர்கள் தேர்ச்சி பெற்றுள்ளனர். மேல்வகுப்பினர் ஆண்டு விழாவில் நீர்நிறுத்து வித்தையைச் சிறப்பாகச் செய்துகாட்டினர். பாட்டரங்கின் கூரையும் செப்பனிடப்பட்டுவிட்டது. உழைத்த அனைவருக்கும் என் பாராட்டுகள்.

இம்மடலில் நான் முக்கியமாகத் தெரிவிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. பிள்ளைகள் தங்கள் பிறவிச் சுரத்தைப் பாடுவதைக் கைபேசியில் பதிவுசெய்து, அதைத் திரும்பத் திரும்ப ஒலிக்கவிட்டு, அதனுடன் சேர்ந்து அவர்களையே பாடவைக்கும் பழக்கம் தேர்வுக்கு முந்தைய வாரங்களில் சில வீடுகளில் தொடங்கி, இப்போது பல வீடுகளுக்குப் பரவியிருக்கிறது. பிள்ளை சுருதி விலகாமல் பாட வேண்டும் என்ற அக்கறையே இதற்குக் காரணம் என்பதை நான் அறிவேன். ஆயினும், குரலால் மந்திரம் செய்யும் நம் நாதவித்தையில் ஒரு குழந்தை தனியாகச் செய்யக்கூடிய பயிற்சிகளில் இதைவிட ஆபத்தானது வேறில்லை.

பதிவில் மந்திர ஆற்றல் ஏதும் இல்லையே, அது வெறும் ஒலிதானே என்று பெற்றோர் ஒருவர் என்னிடம் கேட்டார். நியாயமான கேள்வி. ஆற்றல் பதிவில் இல்லை, பிள்ளையின் குரலில் இருக்கிறது. ஆனால் ஊஞ்சலை உயர எழுப்புவதற்குப் பெரும் பலம் தேவையில்லை. அது திரும்பி வரும் அந்தக் கணத்தில், ஒவ்வொரு முறையும் தவறாமல், மெல்லத் தள்ளினால் போதும். அந்தக் கணம் தவறாத கையைத்தான் கைபேசி தருகிறது.

இரு மாணவர்கள் சேர்ந்து பாடும்போது இந்த ஆபத்து குறைவு. இருவருடைய பிறவிச் சுரங்களும் ஒருபோதும் முற்றிலும் ஒன்றாக இருப்பதில்லை. 256 அதிர்வெண் கொண்ட இசைக்கவையையும் 260 கொண்டதையும் ஒருசேர ஒலித்தால் நொடிக்கு நான்கு விம்மல்கள் கேட்கும். ஒலி எழும், தணியும், மீண்டும் எழும். அந்தத் தணிவில்தான் வித்தையும் மூச்சு வாங்குகிறது. தன் பதிவோடு தானே பாடும் குழந்தை மெல்ல மெல்ல அதனோடு இணையும்போது விம்மல்கள் மெதுவாகி, பின்பு நின்றுபோகின்றன. சுருதி சேர்ந்துவிட்டது என்று வீட்டில் மகிழ்வது அந்த இடத்தில்தான். ஒத்ததிர்வு, அதாவது அந்த ஊஞ்சலைப் போல அதிர்வு மேன்மேலும் பெருகுவது, தொடங்குவதும் அதே இடத்தில்தான். அதன் பிறகு எழும் ஆற்றலுக்குத் தணிவே இல்லை. குழந்தை வாயை மூடிய பின்னும் அது உடலுக்குள் ஓடிக்கொண்டிருக்கும்.

மெதுவாக முணுமுணுத்தால் தீங்கில்லை என்பதும் சரியன்று. 2000ஆம் ஆண்டு ஜூன் மாதம் இலண்டனில் திறக்கப்பட்ட மில்லேனியம் நடைபாலத்தில் எவரும் அணிவகுத்து நடக்கவில்லை, சாதாரணமாகத்தான் நடந்தார்கள். பாலம் பக்கவாட்டில் சற்றே அசைய, விழாமலிருக்க அவரவர் அறியாமலேயே தம் நடையை அந்த அசைவுக்கேற்ப மாற்றிக்கொள்ள, அசைவு மேலும் வலுத்தது. இரண்டே நாளில் பாலம் மூடப்பட்டது. அதிர்வை விழுங்கும் தணிப்பான்களைப் பொருத்திய பிறகு 2002இல்தான் மீண்டும் திறக்கப்பட்டது. குழந்தையின் குரலும் இப்படித்தான், தானறியாமல் பதிவை நோக்கிச் சாய்கிறது. நம் பயிற்சி அறைகளின் சுவர்களில் தடித்த கம்பளி போர்த்தியிருப்பதும், ஒவ்வொரு பாடத்துக்கும் அடக்கு சுரம் அறிந்த ஆசிரியர் ஒருவர் அருகில் அமர்வதும் தணிப்புக்காகவே. வீடுகளில் இவை இரண்டும் இல்லை.

சென்ற வாரம் நான்காம் வகுப்பு மாணவி ஒருத்தி காலை வழிபாட்டுக்குப் பின் என் அறைக்கு அழைத்து வரப்பட்டாள். முந்தைய இரவுக்குப் பிறகு அவள் ஒரு சுரமும் பாடியிருக்கவில்லை. மேசையிலிருந்த தண்ணீர்க் குவளையைத் தொடச் சொன்னேன். அவள் விரல் பட்டதும் நீரின் மேல் மெல்லிய வளையங்கள் எழுந்தன. விரலை எடுத்ததும் அடங்கின. மூன்று ஆசிரியர்கள் மாறி மாறி அடக்கு சுரம் பாடி, அந்த நீர் அசையாமல் நிற்பதற்கு மதிய உணவு மணி அடித்துவிட்டது. அவள் இப்போது நலமாக இருக்கிறாள். இன்னும் சில இரவுகள் அப்படியே பயின்றிருந்தால் இந்த வரியை என்னால் எழுதியிருக்க முடியாது.

ஆகவே இதில் விட்டுக்கொடுக்க இடமில்லை. பிறவிச் சுரப் பதிவுகள் அனைத்தையும் உடனே அழித்துவிட வேண்டும். உறவினர்களுக்கு அனுப்பியிருந்தால் அவர்களையும் அழிக்கச் சொல்ல வேண்டும். விடுமுறைக்குப் பின் எந்த மாணவரிடமாவது எஞ்சிய அதிர்வு காணப்பட்டால், அது முற்றிலும் அடங்கும் வரை அவருடைய சுரம் கட்டிவைக்கப்படும்; அந்தப் பருவத் தேர்வை அவர் எழுத இயலாது. யாருடைய வேண்டுகோளின் பேரிலும் இதைத் தளர்த்த மாட்டேன்.

கடுமையாக எழுதிவிட்டதாகத் தோன்றினால் பொறுத்தருளுங்கள். வேலை முடித்துக் களைத்து வந்த பின்னும் பிள்ளையின் அருகில் அமர்ந்து பயிற்சியைக் கேட்கும் பெற்றோர்கள் நீங்கள்; அதற்கு நான் மிகவும் நன்றியுடையவன். தொடர்ந்து கேளுங்கள், பதிவு மட்டும் வேண்டாம். பாடி முடித்ததும் ஒரு குவளை நீரைத் தொடச் சொல்லிப் பாருங்கள். நீர் அசைந்தால் இரவு எந்நேரமானாலும் பள்ளிக்குத் தெரிவியுங்கள். விடுமுறை நாள்களிலும் அடக்கு சுரம் அறிந்த ஆசிரியர் ஒருவர் இங்கு இருப்பார். பதிவுகளை அழித்துவிட்டதாக மாணவர் நாட்குறிப்பில் ஒரு வரி எழுதி, கையொப்பமிட்டு, பள்ளி திறக்கும் நாளில் கொடுத்தனுப்பக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் அன்புள்ள,
தலைமையாசிரியர்