டயர் ரசீதில் என்ன எழுதியிருக்க வேண்டும்?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஐப்பசி மழை பிடிப்பதற்குள் காருக்கு டயர் மாற்றிவிட வேண்டும் என்று புரட்டாசியில் டயர் கடைகளுக்குப் போவது நம் ஊரில் ஆண்டுதோறும் நடப்பதுதான். 2025 செப்டம்பர் 22 முதல் டயருக்கான ஜி.எஸ்.டி. 28 விழுக்காட்டிலிருந்து 18 ஆகக் குறைந்ததால் அந்த ஆண்டு கூட்டம் இன்னும் கூடியது. அக்கூட்டத்தில் என் மருமகனும் ஒருவர். அவர் கொண்டுவந்த ரசீதைப் பார்த்ததிலிருந்தே இக்கடிதத்தை எழுத வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். '15 இஞ்ச் அலாய் 4, டயர் 4, பிட்டிங், பேலன்சிங்' என்ற ஒரு வரியும், அதற்கு நேரே ஒரு பெரிய தொகையுமே அதில் இருந்தன.

நான் அரசுப் போக்குவரத்துக் கழகப் பணிமனை ஒன்றின் டயர் பிரிவில் இருபத்தாறு ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். அங்கே ஒவ்வொரு டயருக்கும் தனிப் பதிவு உண்டு; பேருந்தில் ஏற்றிய நாள், இறக்கிய நாள், ஓடிய கிலோமீட்டர், எத்தனை முறை ரீட்ரெட் (தேய்ந்த டயரின் மேல் புது ரப்பர் ஒட்டுவது) ஆனது என்று எல்லாவற்றையும் எழுதி வைப்போம். அப்படிப் பழகியவனுக்கு இந்த ரசீதிலிருந்து எதையுமே தெரிந்துகொள்ள முடியவில்லை.

மருமகனுடையது பத்தாண்டு ஓடிய மாருதி சுசுகி ஸ்விஃப்ட். இரும்பு டிஸ்க் சக்கரத்தில் 165/80 ஆர்14 டயருடன் தொழிற்சாலையிலிருந்து வந்த வண்டி. கடைக்காரர் அதைக் கழற்றிவிட்டு, வெளிச்சந்தையில் விற்கும் அலாய் (உலோகக் கலவை) சக்கரத்தில் 195/65 ஆர்15 டயரை மாட்டி அனுப்பியிருக்கிறார். காண்பதற்கு வண்டி எடுப்பாகத்தான் இருந்தது. இரண்டு வாரம் கழித்து, ஐந்து பேர் ஏறிக்கொண்டு சமயபுரம் போய்த் திரும்பும்போது, ஸ்டியரிங்கை முழுக்க ஒடிக்கும் இடத்திலெல்லாம் சக்கரத்தின் மேல் வளைவில் டயர் உரசியிருக்கிறது. நெடுஞ்சாலையில் 80 கிலோமீட்டர் வேகத்தைத் தொட்டதும் ஸ்டியரிங் நடுங்கியிருக்கிறது. கடையில் மூன்று முறை பேலன்சிங் (ஈய எடை ஒட்டிச் சக்கரத்தின் சுழற்சியைச் சமப்படுத்துவது) செய்தும் நடுக்கம் நிற்கவில்லை. அதன் பிறகுதான் என்னிடம் கொண்டுவந்தார்.

டயரின் மேல் எழுதியிருக்கும் எண்களில் முதலாவது மில்லிமீட்டரில் டயரின் அகலம். இரண்டாவது, அந்த அகலத்தில் பக்கச்சுவரின் உயரம் எத்தனை விழுக்காடு என்பது. கடைசி எண், டயர் ஏறி அமரும் உலோகச் சக்கரமான ரிம்மின் விட்டம், அங்குலத்தில். இவற்றைக் கொண்டு தரையிலிருந்து உச்சிவரை டயரின் மொத்த உயரத்தை யாரும் கைபேசியிலேயே கணக்கிட்டுவிடலாம். 165/80 ஆர்14-இல் பக்கச்சுவர் 132 மி.மீ.; மேலும் கீழுமாக 264; ரிம் 355.6, ஆக மொத்தம் 619.6 மி.மீ. இதே ஸ்விஃப்டின் உயர்ந்த மாடலுக்கு நிறுவனம் கொடுத்தது 185/65 ஆர்15. அதைக் கணக்கிட்டால் 621.5 வருகிறது. ரிம் ஓர் அங்குலம் பெரிதாகியும் மொத்த உயரத்தில் இரண்டு மில்லிமீட்டர்கூட வேறுபாடு இல்லை. ரிம்மைப் பெரிதாக்க விரும்புகிறவர்கள் பார்த்து நடக்க வேண்டிய கணக்கு இதுதான்: ரிம் எவ்வளவு கூடுகிறதோ அவ்வளவு பக்கச்சுவர் குறைய வேண்டும், வெளிவிட்டம் மாறக் கூடாது. மருமகனின் காரில் ஏறிய 195/65 ஆர்15-இன் உயரம் 634.5 மி.மீ., அதாவது 15 மி.மீ. கூடுதல். ஸ்பீடோமீட்டரில் இதனால் வரும் பிழை இரண்டரை விழுக்காட்டுக்குள்தான். அதைப் பெரிதாகப் பேச நான் விரும்பவில்லை. ஆனால் உயரத்தோடு அகலமும் கூடி, ரிம்மும் வெளியே தள்ளி நிற்கும்போது, ஆள் ஏறி ஸ்பிரிங் அமுங்கியதும் டயர் எங்காவது போய் இடிக்கத்தான் செய்யும்.

இதைவிட மோசமான தவறு 'பதினாலு தானே, எல்லாம் ஒன்றுதான்' என்பது. 175/65 ஆர்14 என்ற அளவும் சந்தையில் தாராளமாகக் கிடைக்கிறது. அதே ரிம்மில் தடையின்றி ஏறிவிடும். அகலமும் பத்து மி.மீ. கூடுதல் என்பதால் வாங்குகிறவருக்கு நல்ல பேரம் போலத் தெரியும். ஆனால் அதன் மொத்த உயரம் 583 மி.மீ. மட்டுமே. கார் தரையை நோக்கி 18 மி.மீ. இறங்கிவிடும். நம் ஊர் வேகத்தடைகளைப் பார்த்தவர்களுக்கு 18 மி.மீ. என்பது எவ்வளவு என்று சொல்ல வேண்டியதில்லை. சுமையிலும் இறக்கம்தான். அளவுக்குப் பின்னால் '85டி' என்பதுபோல் எழுதியிருப்பதில் 85 என்பது சுமை எண். அது 515 கிலோவைக் குறிக்கும். டி என்பது மணிக்கு 190 கி.மீ. வேகம். 175/65 ஆர்14 பெரும்பாலும் 82 என்ற சுமை எண்ணோடு வருகிறது. அது 475 கிலோ. நான்கு சக்கரத்துக்குமாகச் சேர்த்தால் தாங்கும் திறனில் 160 கிலோ போய்விடுகிறது. காரில் வந்ததைவிடக் குறைந்த சுமை எண்ணுள்ள டயரை, விலை எவ்வளவு மலிவாக இருந்தாலும், வாங்கக் கூடாது.

இனி நடுக்கத்துக்கு வருகிறேன். முன் சக்கரத்தைக் கழற்றியதும் காரணம் தெரிந்துவிட்டது. ஸ்விஃப்டுக்கு நான்கு போல்ட், 100 மி.மீ. பி.சி.டி.; அதாவது போல்ட்டுகள் அமரும் வட்டத்தின் விட்டம் 100 மி.மீ. வெளிச்சந்தை அலாயும் அதே அளவுதான், ஆகையால் மாட்டும்போது யாருக்கும் ஐயம் வரவில்லை. ஆனால் அந்தக் காரின் ஹப், அதாவது சக்கரத்தின் நடுத்துளை வந்து அமரும் மையக் குமிழ், 54.1 மி.மீ. அலாயின் நடுத்துளையை வெர்னியர் வைத்து அளந்தேன், 67.1 மி.மீ. ஹப்பைச் சுற்றி என் சுண்டுவிரல் நகம் நுழையும் அளவுக்கு இடைவெளி. பல கார்களுக்கும் ஒரே ரிம் பொருந்த வேண்டும் என்பதற்காகவே நடுத்துளையைப் பெரிதாக வைத்து வார்க்கிறார்கள். அந்த இடைவெளியை நிரப்ப ஹப் ரிங் என்ற வளையம் ஒன்று உண்டு. பெரும்பாலும் பிளாஸ்டிக்கில் செய்தது, ரிம்மின் விலையோடு ஒப்பிட்டால் விலை என்றே சொல்ல முடியாது. அதைப் போடாமல் சக்கரம் தரையில் இருக்கும்போதே கன்னை (நட்டு இறுக்கும் விசைக் கருவியை) வைத்து ஒரு பக்க நட்டை முதலில் இறுக்கினால், சக்கரம் மயிரிழை ஒதுங்கி உட்கார்ந்துவிடும். பேலன்சிங் எந்திரமோ சக்கரத்தைக் கூம்பு வைத்துச் சரியாக நடுவில் பிடித்துச் சுற்றுகிறது. அதனால் எந்திரத்தில் குறை தெரியாது, காரில் மட்டும் நடுங்கும். இது தெரியாமல் ரிம்மில் ஈயத்தை ஒட்டிக்கொண்டே போனால் நடுக்கம் தீராது.

நட்டுகளையும் பார்த்தேன். சுசுகி வண்டிகளில் நட்டு ஏறும் மரைத்தண்டின் விட்டம் 12 மி.மீ., மரைக்கு மரை இடைவெளி 1.25 மி.மீ. ஹூண்டாயிலும் ஹோண்டாவிலும் தண்டு அதே 12 மி.மீ.தான், ஆனால் மரை 1.5. ஒன்றுக்குரிய நட்டை மற்றொன்றில் கையால் சுழற்றினால் இரண்டு சுற்றிலேயே நின்றுவிடும். கன்னுக்கு அந்த வேறுபாடு தெரியாது; மரையை அரைத்துக்கொண்டே ஏற்றிவிடும். அலாய்க்கு நட்டு மாற்றினால் முதலில் கையால் சுழற்றி எண்ணிப் பார்ப்பது எங்கள் பழக்கம். 12 மி.மீ. தண்டில் நட்டு 12 மி.மீ. ஆழமாவது பிடிக்க வேண்டும் என்றால் ஒன்பது, பத்துச் சுற்று உள்ளே போக வேண்டும். மருமகனின் காரில் ஆறு சுற்றிலேயே நின்றது. ரிம்மின் அகலம் ஓர் அங்குலம் கூடுதல், ஆஃப்செட்டும் (ரிம்மின் நடுக்கோட்டிலிருந்து ஹப்பில் பதியும் பரப்பு தள்ளியிருக்கும் அளவு) பத்து மி.மீ. குறைவு. இரண்டும் சேர்ந்து சக்கரத்தின் வெளிவிளிம்பை ஏறக்குறைய 23 மி.மீ. வெளியே தள்ளியிருந்தன. உரசியதற்கு முக்கியக் காரணம் இதுதான்.

டயரின் வயதைப் பார்ப்பதற்குத்தான் நான் அதிகம் சிரமப்பட்டேன். 'டாட்' என்று தொடங்கும் எழுத்து வரிசையின் கடைசி நான்கு இலக்கங்களில் முதல் இரண்டும் வாரம், அடுத்த இரண்டும் ஆண்டு. 2619 என்றிருந்தால் 2019ஆம் ஆண்டின் 26ஆம் வாரத்தில் வார்த்த டயர். பல டயர்களில் இந்த முழு எண் ஒரு பக்கத்தில் மட்டுமே இருக்கும். நான்கிலும் அந்தப் பக்கம் உள்பக்கமாக மாட்டப்பட்டிருந்ததால், காருக்கு அடியில் பாய் விரித்துப் படுத்து டார்ச் அடித்துத்தான் படிக்க வேண்டியிருந்தது. மூன்று டயர்கள் வாங்கிய ஆண்டிலேயே செய்தவை. நான்காவது நான்கு ஆண்டு பழையது. பட்டன் (தரையில் படும் ரப்பர் வரிகள்) புத்தம் புதிதாக இருந்தாலும் ரப்பர் நாளாக நாளாக இறுகிக்கொண்டேதான் போகும். கார் நிறுவனங்கள் பல ஆறு ஆண்டுகளில் மாற்றச் சொல்வது அதனால்தான். ஓடுவதற்கு முன்பே நான்கு ஆண்டு கழிந்த டயருக்குப் புது டயரின் விலையைக் கொடுத்திருக்கிறோம். அதை ரசீதைக் கொண்டு மெய்ப்பிக்கவும் வழியில்லை.

அலாய் வேண்டவே வேண்டாம் என்று சொல்லும் பழமைவாதி அல்ல நான். ஆனால் குழி விழுந்த சாலையில் தினமும் போகிறவர்களுக்கு இரும்பு டிஸ்க்கே மேல் என்பது என் தீர்ப்பு. குழியில் இறங்கினால் இரும்பு வளையும், தட்டி நிமிர்த்திக்கொள்ளலாம்; அலாய் விரிசல் விட்டால் அந்தச் சக்கரத்தைக் கழித்துவிடுவதுதான் பாதுகாப்பு. 16 அங்குல ரிம்மில் 195/50 டயர் போடுகிறவர்களின் பக்கச்சுவர் 97.5 மி.மீ.தான், அந்தச் சுவர் அடிவாங்கிக் கொப்புளம் கிளம்பிய டயர்களை மழைக்காலம் முடிந்ததும் எந்தப் பஞ்சர் கடையிலும் பார்க்கலாம். ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்தால் தெரியும் தூணில், டயர் அளவும் அதற்குரிய காற்றழுத்தமும் அச்சிட்ட சீட்டு ஒட்டியிருக்கும். அந்த அளவுகளில் ஒன்றை வாங்குகிறவருக்கு நான் மேலே எழுதிய கணக்கு எதுவும் தேவையில்லை. டயரின் பக்கச்சுவரில் காணும் பி.எஸ்.ஐ. எண் அந்த டயருக்கான உச்ச வரம்பு. நாம் அடிக்க வேண்டிய காற்று அதுவல்ல. இரண்டு டயர் மட்டும் மாற்றுகிறவர்கள் புதியவற்றைப் பின்னால் போட வேண்டும். முன்சக்கர இழுவைக் காரில் முன்னால் போடுவதுதான் முறை என்று பலரும் நம்புகிறார்கள். ஈரச் சாலையில் பின்பக்கம் வழுக்கினால் சாதாரண ஓட்டுநரால் வண்டியை மீட்க முடியாது.

சட்டத்தையும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். நிறுவனத்தின் மூல விவரக்குறிப்பிலிருந்து மாறுபடும்படி வாகனத்தை மாற்றக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2019 ஜனவரியில் தீர்ப்பளித்தது. அதே ஆண்டு திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தில், அனுமதியின்றிச் செய்யும் ஒவ்வொரு மாற்றத்துக்கும் 5,000 ரூபாய் அபராதமோ ஆறு மாதம் வரை சிறையோ விதிக்க இடமிருக்கிறது. வெளியே துருத்தும் சக்கரத்தை மாட்டிவிடுவது கடைக்காரர். சாலையில் நின்று பதில் சொல்வது உரிமையாளர்.

கடையில் போய்க் கேட்டோம். ஓடிய டயரைத் திரும்ப எடுக்க முடியாது என்றுவிட்டார்கள். எக்ஸ்சேஞ்சில் கொடுத்த இரும்பு டிஸ்க்குகள் மட்டும் கடையின் பின்புறம் அடுக்கில் அப்படியே கிடந்தன. மருமகன் தன் பொருளையே விலை கொடுத்து மீட்டு, 165/80 ஆர்14 டயர் நான்கு புதிதாக வாங்கிப் போட்டுக்கொண்டார். இப்போது உரசலும் இல்லை, நடுக்கமும் இல்லை.

1946-இல் திருவொற்றியூரில் பலூன் செய்து தொடங்கிய எம்.ஆர்.எஃப். முதல், ஒரகடத்தில் அப்போலோ, ஸ்ரீபெரும்புதூரில் ஜே.கே., தேர்வாய்கண்டிகையில் மிஷெலின் வரை டயர்த் தொழிற்சாலைகள் நிறைந்த மாநிலம் நம்முடையது. டயருக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரை கட்டாயம் என்று சட்டமும் இருக்கிறது. இவ்வளவும் இருந்தும், விற்பனை மேசையில் அந்த விவரங்கள் ஓர் எழுத்துகூட வாங்குகிறவரின் கைக்கு வருவதில்லை. நுகர்வோர் பாதுகாப்புத் துறையும் போக்குவரத்துத் துறையும் டயர் விற்பனை ரசீதுக்கு ஒரு படிவத்தை வகுக்கலாம். ஒவ்வொரு டயரின் முழு அளவு, சுமை எண், வேகக் குறியீடு, தயாரித்த வாரமும் ஆண்டும், ரிம் மாற்றினால் அதன் அகலம், ஆஃப்செட், நடுத்துளை ஆகியவை அதில் இருந்தால் போதும். விதி வரும்வரை வாங்குகிறவர்களே காசு கொடுக்கும் முன் இவற்றை எழுதித் தரச் சொல்லலாம். டயரை மாட்டுவதற்கு முன்பே அந்த நான்கு இலக்கங்களையும் கைபேசியில் படம் எடுத்து வைத்துக்கொண்டால், என்னைப்போல் அறுபது வயதுக்கு மேல் காருக்கு அடியில் பாய் விரிக்க வேண்டியிராது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற டயர் பிரிவு ஊழியர்,
திருவானைக்காவல், திருச்சிராப்பள்ளி.