180 டிகிரி என்பது குன்னூரிலும் 180 டிகிரிதான்: ஓவன் குறித்த புகார்

அனுப்புநர்:
வாடிக்கையாளர்,
குன்னூர், நீலகிரி மாவட்டம்.

பெறுநர்:
மேலாளர் அவர்கள்,
வாடிக்கையாளர் குறைதீர்ப்புப் பிரிவு,
ஓவன் தயாரிப்பு நிறுவனம், தலைமை அலுவலகம்.

பொருள்: ஓடிஜி (ஓவன்-டோஸ்டர்-கிரில்லர்) ஓவனின் தெர்மோஸ்டாட் (வெப்பக் கட்டுப்பாட்டுக் கருவி) பழுது – "மலைப்பகுதி" எனக் காரணம் கூறி முடித்துவைக்கப்பட்ட புகாரை மீண்டும் விசாரிக்கக் கோருதல் – தொடர்பாக.

ஐயா / அம்மையீர்,

வணக்கம். தங்கள் நிறுவனத்தின் ஓடிஜி ஓவன் ஒன்றைக் கடந்த மார்ச் மாதம் கோயம்புத்தூரில் தங்கள் அங்கீகாரம் பெற்ற கடையில் வாங்கினேன். உத்தரவாதக் காலம் இன்னும் முடியவில்லை. குமிழில் நாம் வைக்கும் வெப்பத்துக்கும் ஓவனுக்குள் உண்மையில் இருக்கும் வெப்பத்துக்கும் இடையே ஏறத்தாழ 40 டிகிரி வித்தியாசம் இருக்கிறது. இதைத் தங்கள் சேவை மையத்திடம் தெரிவித்தபோது, குன்னூர் உயரமான குளிர்ப் பிரதேசம் என்பதால் அப்படித்தான் இருக்கும், ஓவனில் குறை எதுவும் இல்லை என்று பதில் வந்தது. அதைத் தொடர்ந்து, என் புகார் தீர்க்கப்பட்டுவிட்டதாகக் கைபேசிக்குக் குறுஞ்செய்தியும் அனுப்பிவிட்டார்கள். எதுவும் தீரவில்லை. கொடுக்கப்பட்ட காரணமும் சரியானதல்ல என்பதால்தான் இவ்வளவு விரிவாக எழுத வேண்டியிருக்கிறது.

இந்த ஓவனை நான் முக்கியமாக வாங்கியது காய்கறி கீஷ் செய்வதற்காக. மாவைத் தட்டுபோல் பரப்பி, அதற்குள் வதக்கிய காய்கறியையும் சீஸையும் இட்டு, முட்டையும் பாலும் கிரீமும் அடித்து ஊற்றி வேகவைக்கும் பிரெஞ்சு நாட்டுப் பலகாரம் அது. கேரட், லீக்ஸ், புரோக்கோலி, சுக்கினி என்று மலைக்காய்கறிகள் தோட்டத்திலிருந்து பறித்த அன்றே கைக்குக் கிடைக்கும் ஊர் எங்களுடையது. வயதானவர்களும் குழந்தைகளும் சேர்ந்து உண்ணும் எங்கள் வீட்டில், காய்கறியும் முட்டையும் ஒரே தட்டில் அமையும் இந்தப் பண்டத்துக்குத் தனி மதிப்பு உண்டு. பழைய ஓவன் பழுதாகும்வரை இதை நான் தடையின்றிச் செய்து வந்தேன். தங்கள் ஓவனோடு வந்த செய்முறைக் கையேட்டின் அட்டையிலும் காய்கறி கீஷின் படமே இருந்தது.

செய்முறையில் பிழை இருக்கலாம் என்று தங்கள் சேவை மையத்தில் ஐயம் எழுப்பினார்கள். ஆகவே நான் செய்யும் முறையையும் இங்கே எழுதிவிடுகிறேன். 200 கிராம் மைதாவில் சிட்டிகை உப்பும், சிறு துண்டுகளாக நறுக்கிய 100 கிராம் குளிர்ந்த வெண்ணெயும் சேர்த்து, ரவைபோல் உதிரும்வரை விரல் நுனியால் மட்டும் பிசறி, மூன்று நான்கு கரண்டி ஐஸ் தண்ணீர் தெளித்து ஒன்றுசேர்த்து, அரை மணி நேரம் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கிறேன். அதைத் திரட்டி 23 சென்டிமீட்டர் தட்டில் பரப்பி, முள்கரண்டியால் குத்தி, மேலே பட்டர் பேப்பர் விரித்து, காய்ந்த கொண்டைக்கடலையைப் பாரமாகக் கொட்டி, முதலில் மாவை மட்டும் 15 நிமிடம் வேகவிட்டு, கடலையை எடுத்துவிட்டு மேலும் சில நிமிடம் உலரவிடுகிறேன். சுக்கினியில் உப்புப் பிசறி, நீர் விட்டபின் துணியில் பிழிந்தே சேர்க்கிறேன். 3 முட்டைக்குப் பாலும் கிரீமுமாக 300 மில்லி என்பது என் அளவு. 180 டிகிரியில் 35 முதல் 40 நிமிடத்தில் ஓரங்கள் கெட்டிப்பட்டு, நடுப்பகுதி லேசாக ஆடும் பதத்தில் கீஷை வெளியே எடுத்துவிட வேண்டும்.

தங்கள் ஓவனில் நடப்பது வேறு. மாவுத் தட்டின் சுவர், கடலைப் பாரம் இருக்கும்போதே, உள்பக்கமாகச் சரிந்து இறங்கிவிடுகிறது. தட்டைத் தூக்கிப் பார்த்தால் அடியில் உருகிய வெண்ணெய் மஞ்சளாகத் தேங்கி நிற்கிறது. அதே நேரத்தில் மேல் ஹீட்டருக்கு அருகே இருக்கும் சீஸ் மட்டும் நிறம் மாறத் தொடங்குவதால், பார்ப்பவருக்குப் பண்டம் வெந்துவிட்டது போலத் தோன்றும். 40 நிமிடத்துக்குப் பிறகு வெட்டினால், கத்தியின் இரு பக்கமும் சாம்பல் நிறத்தில் பச்சை மாவு ஒட்டிக்கொண்டு வருகிறது. முட்டைக் கலவை நடுவில் பால்போல் ஓடுகிறது. இதற்குக் காரணம் தேடி அலைய வேண்டியதில்லை. வெண்ணெய் 35 டிகிரி வாக்கிலேயே உருகிவிடும். ஓவன் போதிய சூட்டில் இருந்தால், அது உருகி ஓடுவதற்குள் மைதா இறுகி உருவம் பிடித்துக்கொள்ளும். வெண்ணெயில் உள்ள நீரும் ஆவியாகி மாவை அடுக்கடுக்காகப் பிரிக்கும். சூடு குறைவாக இருந்தால் வெண்ணெய் முதலில் ஓடிவிடும், மாவு பின்னால் தங்கிவிடும். என் சமையலறையில் நடந்தது இதுவே.

வெறும் ஊகத்தின் பேரில் புகார் செய்யக்கூடாது என்று, கம்பி நுனி கொண்ட டிஜிட்டல் தெர்மாமீட்டர் ஒன்றை வாங்கினேன். முதலில் அந்தக் கருவியையே சோதிக்க, கொதிக்கும் தண்ணீரில் அதன் நுனியை வைத்தேன். 94 டிகிரி காட்டியது. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,850 மீட்டர் உயரத்தில் இருக்கும் குன்னூரில் தண்ணீர் கொதிக்க வேண்டிய அளவு அதுதான். பிறகு நுனியை ஓவனின் நடுத்தட்டில் வைத்து, குமிழை 180க்குத் திருப்பி, ஹீட்டர் ஓடுவதைக் காட்டும் விளக்கு அணையும்வரை காத்திருந்தேன். விளக்கு அணைந்தபோது உள்ளே இருந்த வெப்பம் 140 டிகிரி. அதன்பின் விளக்கு பலமுறை எரிந்து அணைந்தும், வெப்பம் 142ஐத் தாண்டவில்லை. அடுத்த வீட்டுச் சகோதரியிடம் வேறு நிறுவனத்தின் ஓவன் இருக்கிறது. அதே தெர்மாமீட்டரை அங்கே கொண்டுபோய் வைத்தபோது 180க்கு 177 காட்டியது. ஒரே மாவைப் பிசைந்து இரண்டாகப் பிரித்து, ஒரு பாதியை அவர் வீட்டிலும் மறுபாதியை எங்கள் வீட்டிலும் ஒரே நாளில் வேகவைத்தோம். அங்கே வைத்தது பொன்னிறமாக நின்றது. எங்கள் வீட்டில் வைத்தது மேலே சொன்ன நிலையில் இருந்தது. இரண்டு வீட்டுக்கும் இடையே ஒரு மதில் சுவர்தான் இருக்கிறது. உயரத்தில் வித்தியாசம் இல்லை.

இனி, தாங்கள் சொன்ன காரணத்துக்கு வருகிறேன். மலையில் காற்றழுத்தம் குறைவு என்பதும், அதனால் தண்ணீர் 100 டிகிரிக்கு முன்பே கொதித்துவிடும் என்பதும் உண்மை. பருப்பு வேக நேரமாகும், சோற்றுக்குக் குக்கர் வேண்டும் என்பதெல்லாம் இங்கே பிறந்து வளர்ந்தவர்களுக்குப் புதிதல்ல. ஆனால் முட்டையும் பாலும் கலந்த கலவை கெட்டிப்படுவது 80 முதல் 85 டிகிரிக்குள்ளேயே. அதற்கு 94 டிகிரிக் கொதிநிலை எந்தத் தடையும் செய்யாது. உயரம் காரணமாகச் சில நிமிடம் கூடுதலாக வைக்க நேரலாம், அவ்வளவே. ஓவனுக்குள் இருக்கும் காற்றின் வெப்பத்தை உணர்ந்து ஹீட்டரை நிறுத்துவதும் ஓட்டுவதும் தெர்மோஸ்டாட்டின் வேலை. ஊர் எதுவானாலும் அந்த வேலை மாறாது. எங்கள் மலையின் பேக்கரிகளில் தலைமுறை தலைமுறையாக விறகு அடுப்பில் வர்க்கி வேகிறது. புவிசார் குறியீடு பெற்ற பண்டம் அது. உயரம்தான் மாவை வேகவிடாமல் தடுக்கிறது என்றால், ஊட்டியில் ஒரு வர்க்கிகூட மொறுமொறுப்பாக வந்திருக்காது.

தொலைபேசியில் பேசிய டெக்னீஷியன், குளிரும் குறைந்த மின்னழுத்தமும் சேர்ந்து இப்படிச் செய்யலாம் என்றார். மரியாதையாகவும் பொறுமையாகவும் பேசினார். அவர்மேல் எனக்கு வருத்தம் இல்லை. எங்கள் ஓவன் ஸ்டெபிலைசர் வழியாகவே இயங்குகிறது. அது இல்லாமல் மின்னழுத்தம் 230 வோல்ட்டிலிருந்து 200க்கு இறங்கினாலும், 1,500 வாட் ஹீட்டர் சுமார் 1,130 வாட் தரும். ஓவன் சூடாவதற்கு நேரம் கூடும். குளிரும் அதையேதான் செய்யும். இந்த இரண்டில் எது காரணமாக இருந்தாலும், 180ஐ எட்டும்வரை விளக்கு அணையாமல் எரிந்துகொண்டே இருந்திருக்க வேண்டும். இங்கோ 140லேயே விளக்கு அணைகிறது. அதாவது, போதும் என்று தெர்மோஸ்டாட்டே தவறாக முடிவு செய்து ஹீட்டரை நிறுத்துகிறது. தங்கள் பொறியாளர்கள் இந்த ஒரு செய்தியைக் கேட்டிருந்தாலே பழுது எங்கே என்று உடனே சொல்லியிருப்பார்கள். யாரும் கேட்கவில்லை.

ருசி கெட்டது என்பதோடு இது நிற்கவில்லை. முட்டை சேர்ந்த பண்டத்தின் உட்பகுதி 71 டிகிரியை எட்டினால்தான் சால்மொனெல்லா போன்ற கிருமிகள் குறித்த அச்சமின்றிப் பரிமாறலாம். மேலே நிறம் மாறிய கீஷை நம்பி, உள்ளே வேகாத முட்டையை ஒரு குழந்தைக்கோ எழுபது வயதைத் தாண்டியவருக்கோ கொடுத்துவிடக்கூடிய ஆபத்தை இந்தக் குமிழ் உண்டாக்குகிறது. என் தட்டில் வெட்டிப் பார்த்ததால் தெரிந்தது. வெட்டிப் பார்க்காத வீடுகளும் இருக்கும்.

கையேட்டையும் தாங்கள் திருத்த வேண்டும். அதில் மாவை முதலில் தனியாக வேகவைக்கச் சொல்லவில்லை. நீர்விடும் காய்கறிகளைப் பிழிந்து சேர்க்கவும் சொல்லவில்லை. மொத்தம் 30 நிமிடம் என்று மட்டும் இருக்கிறது. புதிதாகக் கற்பவர் இதைப் படித்துச் செய்தால், நல்ல ஓவனிலும் அடிமாவு பச்சையாகத்தான் இருக்கும்.

வீட்டுக்கே வந்து பழுது நீக்கித் தருவோம் என்று உத்தரவாத அட்டையில் அச்சிட்டிருக்கிறீர்கள். மலைப்பகுதிக்கு அந்தச் சேவை பொருந்தாது என்று அதில் ஓரிடத்திலும் இல்லை. ஆனால் ஓவனை ஏறக்குறைய 70 கிலோமீட்டர் தொலைவில் இருக்கும் கோயம்புத்தூருக்கு நானே கொண்டுவர வேண்டும் என்கிறார்கள். கண்ணாடிக் கதவு வைத்த கனமான பெட்டியைத் தூக்கிக்கொண்டு, கொண்டை ஊசி வளைவுகளில் பேருந்தில் இறங்கி ஏற என்னால் இயலாது. மழைக்காலத்தில் மண் சரிந்தால் அந்தச் சாலையே மூடப்பட்டுவிடும். மலையில் இருப்பவர்களும் சமவெளியில் இருப்பவர்கள் கொடுத்த அதே விலையைக் கொடுத்துத்தான் வாங்குகிறோம்.

ஆகவே, டெக்னீஷியன் ஒருவரைத் தெர்மாமீட்டருடன் என் வீட்டுக்கு அனுப்பி, என் முன்னிலையில் சோதித்து, தெர்மோஸ்டாட்டைக் கட்டணமின்றி மாற்றித் தர வேண்டும். மாற்றிய பின்னும் குறை நீடித்தால், ஓவனைத் திரும்ப எடுத்துக்கொண்டு முழுத் தொகையையும் வழங்க வேண்டும். "தீர்க்கப்பட்டது" என்று பதிவான என் புகாரை மீண்டும் திறந்து, உயரத்தைக் காரணம் காட்டிய பதிலை எழுத்துமூலம் திரும்பப் பெற வேண்டும். இல்லையேல் கொடைக்கானலிலிருந்தோ ஏற்காட்டிலிருந்தோ எழுதும் அடுத்த வாடிக்கையாளருக்கும் அதே பதில்தான் போகும்.

இக்கடிதம் கிடைத்த 15 நாட்களுக்குள் நடவடிக்கை இல்லையெனில், தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இல் புகாரைப் பதிவு செய்வேன். நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 2019, நுகர்வோர் தாம் வசிக்கும் மாவட்டத்திலேயே வழக்குத் தொடுக்க இடமளிக்கிறது என்பதால், அதன்பின் உதகமண்டலத்தில் உள்ள மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தையும் அணுகுவேன். அந்த நிலை வராமல் தாங்களே முடித்துத் தருவீர்கள் என்று எதிர்பார்க்கிறேன். வாங்கிய ரசீது, உத்தரவாத அட்டை ஆகியவற்றின் நகல்களையும், விளக்கு அணைந்த நேரத்தில் தெர்மாமீட்டர் 140 காட்டும் புகைப்படத்தையும், இரண்டு வீட்டுக் கீஷ்களையும் அருகருகே வைத்து எடுத்த படத்தையும் இத்துடன் இணைத்துள்ளேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
வாடிக்கையாளர்,
குன்னூர்.