மேகத்தைத் திட்டாதே

அன்புள்ள முரளி,

பதில் போட மூன்று மாதம் ஆகிவிட்டது. திட்டிக்கொள், அந்த லென்ஸ் மூடி விஷயத்தை மட்டும் மறுபடி இழுக்காதே. அம்மாவுக்கு முழங்கால் தேவலையா?

மேகம் மூடி இரண்டு நாள் ஷூட்டிங் போச்சு என்று புலம்பியிருந்தாயே, அதற்குத்தான் இந்தக் கடிதம். ஒளிப்பதிவாளர் யோர்கோஸ் அர்வானிட்டிஸ் கிரேக்கத்தில் அந்த மப்பு வானத்தை வைத்துத்தான் பிழைத்தார். 1970 முதல் 1998 வரை இயக்குநர் ஆஞ்சலோபௌலோஸுக்கு 11 படம். வெயில் அடித்தால் காத்திருப்பார்கள், மப்பு போட்டால் கேமரா ஓடும். அதைச் சோகத்துக்காக என்று எழுதுகிறவர்கள் கேமரா ட்ராலி தள்ளிப் பார்த்ததில்லை.

அவர்களுடைய 'தி டிராவலிங் பிளேயர்ஸ்' 230 நிமிஷம், மொத்தம் சுமார் 80 ஷாட். ஒரே ஷாட்டுக்குள் 1952 தெருவில் நடப்பவர்கள் 1939-க்குள் போய்விடுவார்கள். இப்போது கணக்கைப் பார். ஆயிரம் அடி பிலிம் ரோல் 11 நிமிஷம்தான் ஓடும். எட்டாவது நிமிஷத்தில் சொதப்பினால் முழு ரோலும் குப்பை. வெயிலில் கேமரா முழுவட்டம் திரும்பினால் பாதி சுற்றில் சூரியன் முதுகுக்கு வரும், உன் நிழலே ஃபிரேமில் விழும். எதிர்ப்பக்கம் திரும்பினால் முகமெல்லாம் கருப்பு. நடுவில் ஒரு மேகத்துண்டு கடந்தால் வெளிச்சம் இரண்டு மூன்று ஸ்டாப் குதிக்கும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரட்டிப்பு அல்லது பாதி), ஓடுகிற ஷாட்டிலேயே அசிஸ்டென்ட் லென்ஸின் திறப்பை, அதாவது அபெர்ச்சரைத் திருகிக்கொண்டிருக்க வேண்டும். முழுக்க மூடிய வானத்தில் இந்தத் தொல்லை கிடையாது. நிழல் இல்லை, எந்தப் பக்கமும் லைட் மீட்டரில் ஏறக்குறைய ஒரே ரீடிங்.

சும்மா கிடைக்காது, சரியா? வெளிச்சம் குறைவு, அபெர்ச்சரை அகலமாகத் திறந்தாக வேண்டும். ஃபோகஸ் ஆழம் சுருங்கும், ஃபோகஸைத் திருப்புகிற உங்கள் ஃபோகஸ் புல்லர் சாபம் விடுவான். நிறமும் நீலத்துக்குச் சாயும். பல்பு வெளிச்சத்துக்கான டங்ஸ்டன் பிலிமில், பகல் நீலத்தைக் குறைக்கிற ஆரஞ்சு 85 ஃபில்டர் போட்டாலும் அந்த நீலம் முழுசாகப் போகாது. அதை அப்படியே விட்டால் 'எடர்னிட்டி அண்ட் எ டே' எல்லைக்கம்பி வேலிக் காட்சி மாதிரி உறைந்து நிற்கும். அந்தப் படத்தில் ஆண்ட்ரியாஸ் சினானோஸும் சேர்ந்து ஒளிப்பதிவு, 1998-இல் கான் திரைவிழாவின் முதல் பரிசான தங்கப்பனை.

அதற்காக மேகக்காரர் என்று முத்திரை குத்திவிடாதே. அடுத்த வருஷமே பிரான்ஸில் இயக்குநர் கேத்தரின் ப்ரேயாவின் 'ரொமான்ஸ்' படம், நாலு சுவருக்குள் வெளிச்சம்.

அடுத்த முறை மேகம் மூடும்போது ஷூட்டிங்கை முடித்துக்கொள்ளச் சொல்லாதே. நடிகர் நிற்கிற இடத்தில் நின்று லைட் மீட்டரை நாலு திசைக்கும் பிடி. நாலு எண்ணையும் எழுதி அனுப்பு.

உன்,
ரவி