கோட்டின் ஓரத்தையும் அளந்து பார், கயல்

அன்புள்ள கயல்,

நீ அனுப்பிய வரைபடத்தையும் அதன் கீழே எழுதியிருந்த நாலு வரியையும் பார்த்தேன். அளந்த எண் கணக்கோடு ஒத்துவரவில்லை, இதற்காகவா இத்தனை நைட் ஷிஃப்ட் என்று கேட்டிருக்கிறாய். போனில் பேசினால் 'சரிம்மா' என்று வைத்துவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன். நீ வேலை பார்க்கிற அதே ஹாம்பர்க்கில், எக்ஸ்-கதிர் தரும் அதே பெட்ரா 3 வளையத்தில் முடிவுக்கு வந்த ஒரு இரும்புக் கதை இருக்கிறது. உனக்குத் தெரிந்ததுதான். ஆனாலும் இந்த நேரத்தில் அதைக் கொஞ்சம் நிதானமாக நினைத்துப் பார்க்கவேண்டும்.

இரும்பு அணுவின் 26 எலக்ட்ரான்களில் 16 போய்விட்டால் மிச்சம் பத்து, நியான் மாதிரி நிறைந்த கூடு. அதை மேலும் உடைப்பது கஷ்டம் என்பதால், பல லட்சம் டிகிரி சூட்டிலும் அது தாக்குப்பிடிக்கிறது. சூரியனின் கொரோனாவிலும் கபெல்லா நட்சத்திரத்திலும் அதன் ஒளி தெரிகிறது. 15.01, 15.26 ஆங்ஸ்ட்ராம் அலைநீளத்தில் இரண்டு எக்ஸ்-கதிர்க் கோடுகள், நீங்கள் 3சி, 3டி என்று சொல்பவை. நம் சந்திரசேகரின் பெயரைத் தாங்கிய சந்திரா தொலைநோக்கியும் எக்ஸ்எம்எம்-நியூட்டனும் 1999இல் மேலே போனதிலிருந்து இந்த இரண்டின் வலிமை விகிதத்தை வைத்துத்தான் எத்தனையோ இடத்துப் பிளாஸ்மாவின் நிலையைக் கணிக்கப் பார்க்கிறார்கள். கணக்குப் போட்டால் 3.5 பக்கம் வருகிறது. வானத்தில் பார்த்தாலும் சரி, ஆய்வுக்கூடத்தில் அளந்தாலும் சரி, அதைவிடக் குறைவாகவே வந்துகொண்டிருந்தது.

இதைத் தீர்க்க உன் ஈபிட்டை, அந்த எலக்ட்ரான் கற்றை அயனிப் பொறியை, விட்டால் வேறு கருவி ஏது? ரஷ்யாவின் டூப்னாவில் டோனெட்ஸ் செய்த அயனி மூலத்தின் யோசனையை எடுத்து, 1986இல் அமெரிக்காவின் லிவர்மோர் ஆய்வகத்தில் லெவினும் மார்ஸும் அதை ஒரு பொறியாக மாற்றினார்கள். அதன் சிக்கனம் எனக்கு அவ்வளவு பிடிக்கும், வகுப்பில் அதைச் சொல்லும்போதெல்லாம் பிள்ளைகள் முகத்தைப் பார்க்கவேண்டும். தலைமுடி அளவு மெல்லியதாகக் காந்தப்புலம் நெருக்கிப் பிடித்த ஒரே எலக்ட்ரான் கற்றை, மூன்று வேலையையும் அதுவே செய்கிறது: அணுவில் மோதி எலக்ட்ரான்களைப் பிய்த்துப் போடுகிறது, தன் எதிர் மின்னூட்டத்தால் அந்த அயனிகளைப் பக்கவாட்டில் தப்பவிடாமல் இழுத்து வைத்திருக்கிறது, அப்புறம் அதுவே திரும்பவும் மோதி அவற்றை ஒளிர வைக்கிறது. இரண்டு முனையிலும் நேர் மின்னழுத்தம் கூடுதலாகக் கொடுத்த உலோகக் குழாய்கள் வாசலை அடைத்துக்கொள்கின்றன. எந்த அயனி வேண்டுமோ அதற்கேற்ப கற்றையின் ஆற்றலை வைத்தால் போதும். 16 எலக்ட்ரான் இழந்த நிலைக்கு இரும்பைக் கொண்டுவர 489 எலக்ட்ரான் வோல்ட்டுக்கு மேல் வேண்டும், அடுத்ததைப் பிடுங்க 1,262 வேண்டும். இடையில் எங்கே நிறுத்தினாலும் இரும்பு 16ஐத் தாண்டாது! 1994இல் அதே லிவர்மோரில் கிட்டத்தட்ட 2 லட்சம் வோல்ட்டில் யுரேனியத்தின் 92 எலக்ட்ரான்களையும் உரித்துக் காட்டினார்கள்.

சரி, விகிதத்துக்கு வருகிறேன். ஹைடல்பெர்க் குழு தங்கள் ஈபிட்டையே மூட்டைகட்டி ஸ்டான்ஃபோர்டு எக்ஸ்-கதிர் லேசருக்குக் கொண்டுபோய் அளந்து 2012இல் வெளியிட்டது. எலக்ட்ரான் மோதி ஒளிர்வதில் ஆயிரம் குழப்பம் உண்டு, அதை விட்டுவிட்டு லேசரால் நேரடியாக அயனியைத் தூண்டிப் பார்ப்போம் என்பது யோசனை, அருமையான யோசனை. வந்த எண் 2.61. அப்படியானால் பிழை அணுக்கணக்கில்தான் என்று எல்லோரும் அந்தப் பக்கம் திரும்பினார்கள், ஆனால் கணக்குப் போடுகிறவர்கள் எவ்வளவு விரித்துப் போட்டும் கணக்கில் வரும் எண் இறங்க மறுத்தது. பிறகு பெட்ரா 3இல் அளந்து 2020இல் வெளியிட்டார்கள், 3.09. ஏறியது, ஆனால் சேரவில்லை. பகுதிறனை, அதாவது நெருங்கிய கோடுகளைப் பிரித்துக் காட்டும் திறனை, இரண்டரை மடங்கு கூட்டி, இரைச்சலுக்கு மேல் சிக்னலை ஆயிரம் மடங்கு உயர்த்தி அதே குழு திரும்ப அளந்து 2022இல் வெளியிட்டபோது 3.51. அவர்கள் கணக்கு 3.55. பிழை வரம்புக்குள் இரண்டும் ஒன்றுதான்.

இவ்வளவு நாள் எங்கே போயிருந்தது அந்த வித்தியாசம்? கோட்டின் இரண்டு ஓரங்களிலும். லாரன்ட்ஸ் வடிவக் கோடு சட்டென்று முடிவதில்லை, தள்ளிப் போய்க்கொண்டே இருக்கும். பழைய அளவீடுகளில் அந்த ஓரம் பின்னணியோடு கலந்து கிடந்ததால் அதையும் பின்னணி என்றே கழித்துவிட்டார்கள். களத்தில் குவியலை மட்டும் அளந்துவிட்டு ஓரத்தில் சிதறிய நெல்லைத் தூசியோடு பெருக்கித் தள்ளினால் பெரிய குவியலுக்குத்தானே நஷ்டம் அதிகம்? 3சி வலுவான கோடு, இயல்பிலேயே அகலமும் அதிகம், அதனால் அதுதான் அதிகமாக இழந்தது, விகிதம் இறங்கியது. இதைக் கண்டுபிடித்தது முன்பு குறைவாக அளந்த அதே ஆட்கள் என்பதுதான் எனக்குப் பெரிய விஷயம்.

அதனால் உன் படத்தைப் பற்றி இரண்டு மூன்று சொல்கிறேன். நீ கோட்டுக்கு ரொம்பப் பக்கத்திலேயே ஸ்கேனை நிறுத்தியிருக்கிறாய், பின்னணியைப் பொருத்த அங்கே இடமே இல்லை. இரண்டு பக்கமும் தாராளமாகத் தள்ளிப் போய் எடு, நேரம் போகிறதே என்று பார்க்காதே. 15 எலக்ட்ரான் இழந்த இரும்பின் கோடு ஒன்று 3டி-யோடு ஒட்டிக்கொண்டு வரும், அது எவ்வளவு கலந்திருக்கிறது என்று கற்றையின் ஆற்றலை மாற்றிப் பார்த்தாயா? எலக்ட்ரான் கற்றை கிளம்புகிற கேத்தோடிலிருந்து பேரியம் கசிந்து பொறிக்குள் சேரும் என்று நீயே ஒரு தடவை சொன்னாய், எவ்வளவு நேரத்துக்கு ஒருமுறை குழாய் வோல்ட்டேஜை மாற்றிப் பொறியைக் காலி செய்கிறீர்கள் என்பது உன் குறிப்பில் இல்லை, அதையும் எழுதி வை. இவ்வளவையும் பார்த்த பிறகும் எண் விலகியே நின்றால் தைரியமாக அப்படியே எழுது, யாருக்காகவும் அதைக் கணக்கின் பக்கம் நகர்த்தாதே.

இன்னொன்று. இரும்பை உள்ளே விட நீங்கள் பயன்படுத்தும் அந்தப் பென்டாகார்பனைல் கொடிய விஷம், சுலபமாக ஆவியாகிறது. ராத்திரி இரண்டு மணிக்குத் தூக்கக் கலக்கத்தில் தனியாக அந்த வால்வைத் தொடாதே, கூட ஒருவர் இருக்கட்டும். அப்பாவிடம் இதைச் சொல்லவில்லை, சொன்னால் அவர் இன்றைக்கே போன் போடுவார்.

வளையத்தின் ஒளி உங்களுக்குக் கிடைக்கும் அடுத்த பீம்டைம் எப்போது என்று தேதி எழுது. அகலமாக ஸ்கேன் எடுத்ததும் படத்தை மட்டும் அனுப்பாதே, எண்கள் உள்ள ஃபைலையும் சேர்த்து அனுப்பு, நானும் இங்கே பொருத்திப் பார்க்கிறேன்.

அம்மா