பாட்டுக்கூடத் திருப்பணி முடிந்தது: உறுப்பினர்கள் பார்வைக்கு

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம். நாகூரில் ஞானப்பாட்டுப் பாடும் ஃபக்கீர்களான நம் பாவாக்கள் குடும்பத்துப் பாட்டுக்கூடம் தயார், அல்ஹம்துலில்லாஹ். ஜமாதுல் ஆகிர் மாதப் பிறை பார்த்து, தர்கா விழாவான கந்தூரிக்குக் கொடி ஏறுவதற்குள் முடிப்போம் என்று சொல்லியிருந்தோம், முடித்துவிட்டோம். வரவு செலவுத் தாள் எல்லோருக்கும் தனியாக வரும். பணம் எதற்குப் போனது, ஏன் போனது என்பதை மட்டும் இங்கே சொல்கிறோம்.

அதிகம் தின்றது சுவர்தான். கடலோர ஊர், காற்றிலேயே உப்பு. பழைய சுண்ணாம்புச் சுவர் அதைச் சமாளித்துக்கொண்டுதான் நின்றது. எந்தக் காலத்திலோ யாரோ அதன்மேல் சிமென்ட் பூசிவிட்டார்கள், ஈரம் வெளியேற வழியில்லாமல் உள்ளேயே தங்கி, உப்புப் பூத்து, விரல் வைத்தால் செங்கல் மாவாக உதிர்ந்தது. சிமென்டை முழுக்கக் கொத்தி எடுத்துவிட்டு, கடுக்காயும் கருப்பட்டியும் ஊறிய தண்ணீரில் சுண்ணாம்புச் சாந்து குழைத்துப் பூசினோம். இந்த வேலை தெரிந்த கொத்தனார் கிடைப்பதே பெரும்பாடு, கூலியும் கூடுதல்.

டைல்ஸ் ஒட்டி ஏசி மாட்டிவிடலாம் என்று குழுவிலேயே சிலர் பிடிவாதமாக நின்றார்கள். சரி, வழுவழு சுவருக்குள் பாவாக்களின் தோல் கொட்டான தாயிரா நாலைச் சேர்த்து அடித்தால் என்ன ஆகும்? வெறும் இரைச்சல், பாட்டில் ஒரு சொல் காதில் விழாது. சொல் விழாத ஞானப்பாட்டு எதற்கு?

நடுவில் இருந்த தட்டுச் சுவரை எடுத்தது பற்றியும் கேட்டிருந்தீர்கள். இரண்டு வரிசை எதிரெதிரே உட்காரத்தான். சூஃபிப் புலவர் குணங்குடி மஸ்தான் சாகிபின் மனோன்மணிக் கண்ணியைப் பெரியவர் எடுத்துக் கொடுப்பார், ‘மனோன்மணியே’ என்று முடியும் இடத்தில் மொத்த வரிசையும் சேர்ந்து பிடிக்கும். இறைவனைக் காதலியாக வைத்துக் கூப்பிடுகிற அந்தக் குழைவு தாளில் வராது, பெரியவர் முகத்தைப் பார்த்துத்தான் பிள்ளைகள் பிடிக்க வேண்டும். அந்தப் பிள்ளைகளில் ஒருவர் செல்போன் கடையில் வேலை, இன்னொருவர் ஆட்டோ ஓட்டுகிறார். வியாழன் இரவு இஷா தொழுகை முடிந்து வந்தால்தான் பயிற்சி.

முற்றத்துக் கணப்பு மேடை வீண் செலவு இல்லை. தாயிராவுக்குப் போர்த்துவது ஆட்டுத்தோல், ஐப்பசி மழையில் தொய்ந்து தொப்பென்று சத்தம் போடும். சின்ன நானா அதைத் தணலுக்கு மேல் சுற்றிச் சுற்றிக் காட்டுவார், எடுத்து நகத்தால் சுண்டிக் காதோரம் வைத்துக் கேட்பார், தலையை ஆட்டிவிட்டு மறுபடி தணலுக்குக் கொண்டுபோவார். சூடு கொஞ்சம் மிஞ்சினால் தோல் போச்சு. இதுவரை தெருவில் காகிதம் கொளுத்தித்தான் செய்துகொண்டிருந்தார்கள்.

அப்புறம் பழைய பாட்டு நோட்டுகளைப் பெயர்த்து எழுதியது. எங்களைக் கேட்டால் கட்டடத்தைவிட இதுதான் பெரிய வேலை. சூஃபிப் புலவர் பீர்முகம்மது அப்பாவின் ஞானப்புகழ்ச்சி அச்சில் கிடைக்கிறது, இந்தக் குடும்பத்து முனாஜாத்துகள், அதாவது இறைவனிடம் இறைஞ்சும் பாட்டுகள், வேறெங்கும் இல்லை. பாதி அரபுத் தமிழில் இருக்கின்றன, அதாவது தமிழ்ப் பாட்டு, அரபு எழுத்து. பேரப்பிள்ளைகளுக்கு வாசிக்கத் தெரியாது. மூத்த லாத்தா (அக்கா) வாசிக்க, பேத்தி தமிழ் எழுத்தில் எழுதினார். சபையில் ஒருநாளும் பாடாத லாத்தாவுக்கு எல்லாப் பாட்டும் மனப்பாடம். ஆண்கள் வருடக்கணக்காக விழுங்கிவிட்டுப் பாடிய அடிகளை அவர்தான் எடுத்துக் கொடுத்தார்.

நன்கொடையாளர் பெயரைக் கல்லில் பொறிக்கவில்லை. நாகூர் ஆண்டவர் பெயரில் 1830லேயே தர்கா எழுப்பிய சிங்கப்பூரிலிருந்து பணம் அனுப்பியவர்களுக்கு இதில் கொஞ்சம் வருத்தம் உண்டு. பெயர்ப் பட்டியல் கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது, யாரும் வந்து பார்க்கலாம்.

பின்கட்டு ஓடு மாற்றவில்லை, பணம் எட்டவில்லை. மழை முடிந்ததும் தனியாக வசூல் செய்வோம். வீட்டில் பழைய பாட்டு நோட்டு வைத்திருப்பவர்கள் கரையான் அரிப்பதற்குள் கொண்டுவந்து காட்டுங்கள், படம் எடுத்துக்கொண்டு அன்றைக்கே திருப்பித் தந்துவிடுகிறோம்.