விசிறி அல்ல, கதிர்வீச்சு

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற மாதம் என் பெரியம்மாவை எக்ஸ்ரே எடுப்பதற்காக ஒரு ஸ்கேன் மையத்துக்கு அழைத்துச் சென்றிருந்தேன். அறைக் கதவில், மஞ்சள் பின்னணியில் நடுவே ஒரு புள்ளியும் அதைச் சுற்றி மூன்று இதழ்களுமாகக் கதிர்வீச்சுச் சின்னம் ஒட்டப்பட்டிருந்தது. அதைப் பார்த்த பெரியம்மா, “உள்ளே ஃபேன் இருக்கு போல, அங்கே போய் உட்காரலாமா?” என்று கேட்டார். எழுதப் படிக்கத் தெரியாதவர் என்று இதை ஒதுக்கிவிட முடியாது. மூன்று இறக்கை மின்விசிறியை நாள்தோறும் அண்ணாந்து பார்ப்பவருக்கு அது விசிறியாகத் தெரிவதே இயல்பு.

அந்தச் சின்னம் 1946-இல் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் பெர்க்லி ஆய்வகத்தில், கதிர்வீச்சைப் பற்றி முன்பே அறிந்தவர்களிடையே பிறந்தது. நம் தேர்தல் சின்னங்களான ஏணியும் குடையும் யாருக்கும் சட்டெனப் பிடிபடுவதற்குக் காரணம், அவை வீட்டில் புழங்கும் பொருள்கள். கண்ணுக்கும் மூக்குக்கும் அகப்படாத கதிர்வீச்சுக்கு அப்படியொரு உருவம் இல்லை.

1987-இல் பிரேசிலின் கோயானியா நகரில், கைவிடப்பட்ட மருத்துவமனைக் கட்டடத்திலிருந்த சிகிச்சைக் கருவியைப் பழைய இரும்புக்காகப் பிரித்தபோது சீசியம் என்ற கதிர்வீசும் பொருள் வெளிப்பட்டு நால்வர் இறந்தனர். 2010-இல் தில்லி மாயாபுரியின் பழைய இரும்புக் கடைகளுக்கு வந்த கருவியிலிருந்த கோபால்ட், ஒருவர் உயிரைப் பறித்தது. இத்தகைய கருவிகளுக்கென்றே சர்வதேச அணுசக்தி முகமையும் சர்வதேசத் தர நிர்ணய அமைப்பும் 2007-இல் புதிய சின்னம் ஒன்றை வெளியிட்டன. சிவப்பு முக்கோணத்துக்குள் மேலே அலைவீசும் மூவிதழ், கீழே மண்டையோடும் ஓடிப்போகும் ஒரு மனிதனும் இருக்கும். நம் ஊர் டிரான்ஸ்ஃபார்மரில் தொங்கும் மண்டையோட்டுப் பலகையைப் பார்த்துப் பழகியவருக்கு இது விளங்கும். வரைந்தவர்களின் திறமையைவிட, 11 நாடுகளில் 1,650 பேரிடம் காட்டி, என்ன புரிகிறது என்று கேட்டறிந்த பொறுமையே எனக்குப் பெரிதாகத் தோன்றுகிறது.

ஆனால் அது கருவியைப் பிரிக்க முயல்பவரைத் தடுப்பதற்காக உள்ளே பொருத்தப்படுவது, கதவுக்கு உரியதன்று. எக்ஸ்ரே அறைக் கதவில் மூவிதழோடு, ஓர் ஆளைத் தடுத்து நிறுத்தும் கை, வயிற்றில் குழந்தையுடன் ஒரு பெண் ஆகிய படங்களையும் சேர்க்கலாம். சுகாதாரத் துறை அப்படிச் சேர்க்கும்போது, வெளியே பெஞ்சில் காத்திருக்கும் பத்துப் பேரிடம் முதலில் காட்டி, இது என்னவென்று கேட்ட பிறகே அச்சுக்கு அனுப்ப வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர்,
கும்பகோணம்.