பெரியகுளம் அத்தைக்கு, அமெரிக்காவின் நாக்ஸ்வில்லில் இருந்து

அன்புள்ள அத்தைக்கு,

நாங்க எல்லாரும் சுகம். மாமாவுக்கு சுகர் குறைஞ்சதா? நடக்கப் போறாரா, இல்ல வழக்கம்போல டீக்கடையோட நின்னுடுறாரா?

இங்க குளிர் ஒரு வழியா விட்டிருக்கு. அரிசி, பருப்பு எல்லாம் கிடைக்குது; முருங்கைக்காய்தான் ஃப்ரீசர்ல வச்சது, வாயில வைக்க முடியாது. ஊருக்கு நடுவுல டென்னஸி ஆறு ஓடுது. அமெரிக்கன் ஃபுட்பால் ஆட்டம் இருந்தா சனங்க படகுலயே வந்து, கரையில கட்டிப் போட்டுட்டு ஸ்டேடியத்துக்கு நடக்குறாங்க. பாக்குற பக்கமெல்லாம் ஆரஞ்சுச் சட்டை. நம்ம ஆளுங்க பாத்தா ஏதோ கட்சி மாநாடுன்னுதான் நினைப்பாங்க.

போன்ல கேட்டீங்கள்ல, "அங்க பொம்பளைப் பிள்ளைக பாஸ்கெட்பால் ஆட்டத்தை யாரு காசு குடுத்துப் பாக்குறா"ன்னு. வர்றாங்க அத்தை, ஆயிரக்கணக்கில. கைத்தடி ஊனிக்கிட்டு வர்ற பாட்டிங்க, நம்பர் போட்ட பனியன்ல ரெஃப்ரியைத் திட்டுறதை நீங்க கேக்கணும். அந்தக் கூட்டத்தைச் சேர்த்தது ஒரு பொம்பளை கோச். பேர் பேட் சம்மிட். 2016-ல இறந்துட்டாங்க. அரங்கத்துத் தரைக்கே அவங்க பேரு, வெளியில சிலை. 38 சீசன், 1,098 வெற்றி, 8 தேசியப் பட்டம். கணக்கை யாரும் சொல்லுவாங்க. நான் எழுத உட்கார்ந்தது அவங்க ஆரம்பத்தைப் பத்தி.

1974-ல டென்னஸி பல்கலைக்கழகத்துல பொறுப்பு எடுக்கும்போது வயசு 22. மாசம் 250 டாலர். பிள்ளைக ஜெர்ஸியைத் துவைக்கிறது இவங்க, வேன் ஓட்டுறதும் இவங்க. ஜெர்ஸி வாங்கவே டோனட் வித்துக் காசு சேர்த்திருக்காங்க. டீமில சில பிள்ளைகளுக்கும் இவங்களுக்கும் ஒரு வயசுதான் வித்தியாசம். முதல் மேட்ச்ல ஒரே பாயிண்ட்ல தோல்வி. உங்க பள்ளிக்கூட ஸ்போர்ட்ஸ் டே நோட்டீஸுக்கு நீங்க கடைகடையா ஏறி வசூல் பண்ணினதுதான் எனக்கு ஞாபகம் வந்துச்சு.

சம்மிட் விவசாயக் குடும்பம். அண்ணன் மூணு பேரு. வேலை முடிஞ்சு ராத்திரி வைக்கோல் பரண்லதான் ஆட்டம். அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துல பெண்களுக்கு டீம் இல்லைன்னு அப்பா பக்கத்து கவுண்டிக்கு (நம்ம மாவட்டம் மாதிரி) வீட்டையே மாத்திட்டாரு. நம்ம தாத்தா உங்களை டிராயர் போட்டு ஆட விட்டதுக்கே தெரு முழுக்கப் பேசுச்சு இல்லையா!

இன்னொண்ணு கேளுங்க, பிள்ளைகளுக்கு ஆட்டம் சொல்லிக் குடுக்குற உங்களுக்குத்தான் இது புரியும். அந்தக் காலத்துல இந்த டென்னஸி மாநிலப் பள்ளிக்கூடங்கள்ல பெண்களுக்கு டீமுக்கு ஆறு பேரு. மூணு பேர் அட்டாக், மூணு பேர் டிஃபென்ஸ், யாரும் நடுக்கோட்டைத் தாண்டக் கூடாது. முழு கோர்ட் ஓடினா பெண்களுக்கு ஆகாதுன்னு பயம். பந்து கோட்டுக்கு அந்தப் பக்கம் போயிட்டா இந்தப் பக்கம் மூணு பேரும் சும்மா நின்னு வேடிக்கை பாக்கணும். டிஃபென்ஸ்ல ஆடின பிள்ளை பள்ளிக்கூடம் முடிக்கிறவரைக்கும் மேட்ச்ல ஒரு ஷாட்கூட அடிச்சிருக்காது! அப்படி ஒரு பிள்ளையை வாங்கி காலேஜ்ல, கூடைக்குப் பக்கத்துல ஓடிப்போய்ப் பந்தைப் போடுற லே-அப்ல இருந்து ஆரம்பிக்கணும். சம்மிட் இந்த முறையைக் கடுமையா எதிர்த்தாங்க. 1979-லதான் அஞ்சு பேர் ஆட்டமா மாறுச்சு. எனக்குக் கேட்டா எட்டுக் கோப்பையைவிட இது பெருசு.

அந்தக் கோப்பையும் சீக்கிரம் வரலை. முதல் பட்டம் 1987-ல. அதுக்குள்ள 1976 ஒலிம்பிக்ல ஆடி வெள்ளி, 1984 ஒலிம்பிக்ல கோச்சா தங்கம், எல்லாம் வந்தாச்சு. காலேஜ் பட்டம் மட்டும் கையில நிக்கலை. பதிமூணு வருஷம் அத்தை! நம்ம ஊர்ல ரெண்டு தடவை ஜோனல்ல தோத்தா ஹெச்.எம். ரூமுக்குக் கூப்பிட்டு விடுறாங்க. அப்புறம் 1996, 97, 98 மூணு வருஷம் தொடர்ச்சியா, அதுல கடைசி வருஷம் 39 மேட்ச், ஒண்ணுகூடத் தோக்கலை.

அவங்க டீம் பிள்ளைக கிளாஸ்ல முதல் மூணு வரிசையிலதான் உட்காரணும், காரணமில்லாம கட் அடிக்கக் கூடாதுன்னு சட்டம். முழுக்காலமும் அவங்ககிட்ட ஆடி முடிச்ச ஒவ்வொரு பிள்ளையும் டிகிரி வாங்கியிருக்கா. முறைச்சா எதிர்ல நிக்க முடியாதாம், ஆனா பிள்ளைக "பேட்"னு பேர் சொல்லித்தான் கூப்பிடணும். உங்களை அப்படிக் கூப்பிட்டா என்ன ஆகும்னு நினைச்சு நானும் இவரும் சிரிச்சோம்.

1990-ல நிறைமாசமா இருக்கும்போது, டீமுக்கு ஒரு பிள்ளையைத் தேர்ந்தெடுக்க பென்சில்வேனியா மாநிலத்துக்குப் பறந்திருக்காங்க. அங்கேயே வலி கண்டுடுச்சு. வழியில இறக்கட்டுமான்னு பைலட் கேட்டும், என் பிள்ளை டென்னஸிலதான் பிறக்கணும்னு பிடிவாதம் பிடிச்சு இங்க வந்து பெத்தாங்க. சாமர்த்தியம்னு இங்க எல்லாரும் சொல்றாங்க. பைத்தியக்காரத்தனம்னு அம்மா சொல்லுவா, அம்மா பக்கம்தான் நானும்.

59 வயசுல, 2011-ல, ஞாபகம் அழியுற அல்சைமர் நோய்னு அவங்களே வெளியில சொன்னாங்க. மறைக்கலை. அதுக்கப்புறமும் ஒரு சீசன் பெஞ்ச்ல உட்கார்ந்தாங்க, கூட இருந்த கோச்சுகதான் நிறைய வேலையைத் தூக்கிச் சுமந்தாங்க. அடுத்த ஏப்ரல்ல பொறுப்பை விட்டாங்க. அவங்ககிட்டயே ஆடி, அவங்ககிட்டயே அசிஸ்டென்டா இருந்த ஹாலி வார்லிக் அடுத்த கோச். நீங்களும் ரிட்டயர் ஆகறதுக்குள்ள யாராவது ஒரு பிள்ளையைப் பக்கத்துல வச்சுப் பழக்குங்க. போன தடவை இதைச் சொன்னதுக்குப் பேச்சை மாத்திட்டீங்க.

மே மாசம் இவரோட ஃப்ரெண்ட் மதுரை வர்றாரு. லக்கேஜ்ல இடம் கேட்டு வச்சிருக்கேன். டீம் பிள்ளைக ஷூ சைஸை எழுதி வாட்ஸ்அப்ல அனுப்புங்க. வெறும் நம்பர் போதாது, ஒவ்வொருத்தியையும் பேப்பர்ல கால் வச்சு வரையச் சொல்லி செண்டிமீட்டர்ல அளந்து போடுங்க, இங்க சைஸ் கணக்கே வேற. ஏப்ரல் முதல் வாரத்துக்குள்ள வந்தா நல்லது, தள்ளுபடி முடிஞ்சிடும்.

அன்புடன்,
உங்க மருமக